உள்ளங்கை எண்ணெய்

ஜூலை 7, திங்கள்

இன்றிலிருந்து அந்த க்ரீம் கிடையாது. எழுதி வைத்தால்தான் எனக்கு ரோஷம் வரும். அதனால் எழுதுகிறேன்.

நான் வேலை பார்க்கிற கன்டெய்னர் யார்டுக்கு லீவு சொல்லிவிட்டுத் தோல் டாக்டரம்மாவிடம் போனேன். வெயிலில் கொஞ்சம் நின்றாலே கன்னம் எரிகிறது, சிவப்பாக நரம்பு ஓடுகிறது என்றேன். என்ன போடுகிறாய் என்றார். பையிலிருந்து டியூபை எடுத்துக் கொடுத்தேன். எத்தனை நாளாக? ரெண்டரை வருஷம் என்றதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். அது வெள்ளையாக்குகிற க்ரீமே இல்லையாம். ஸ்டீராய்டு மருந்தாம், கரப்பான் அரிப்புக்கு ஒரு வாரம் பத்து நாள் போட்டு நிறுத்துகிற சாமானாம். என் தோல் வெங்காயத் தோலாக மெலிந்து போயிருக்கிறதாம்.

நிறுத்தினால் முதலில் இன்னும் மோசமாகும், ரெண்டு மூணு மாசம் பொறுத்துக்கொள் என்றார். மாத்திரை எழுதிக் கொடுத்தார். மற்றபடி முகத்துக்குத் தண்ணீர், சுத்தமான தேங்காயெண்ணெய் கொஞ்சம், வெளியே போனால் குடை. அவ்வளவுதான். வேறு எதையும் என்னைக் கேட்காமல் போடாதே என்றார்.

ரெண்டு மூணு மாசம். செப்டம்பர் 13 எனக்குக் கல்யாணம். நடுவில் அறுபத்தெட்டு நாள்தான் இருக்கிறது.

ஜூலை 9, புதன்

அம்மாவிடம் சொன்னேன். கல்யாணம் முடிகிறவரைக்கும் போட்டுக்கோ, அப்பால நிறுத்திக்கோ என்கிறாள். சோறு வடிக்கிறதை நிறுத்திவிட்டுச் சொன்னாள்.

அம்மா பயப்படுவது எனக்குப் புரியாமல் இல்லை. நிச்சயதார்த்தத்தில் மாமியாராகப் போகிற ரோசி ஆன்ட்டி என் தாவாங்கட்டையைப் பிடித்து, எங்க ஃப்ரெடிக்கு வரப்போற பொண்ணு கலரைப் பாருங்க என்று அவங்க சொந்தத்துக்கெல்லாம் காட்டினார்களே! அந்தக் கலர் என்னுடையதா? டியூபுடையது. அது அம்மாவுக்கும் தெரியும். லோகநாதன் அண்ணன் மெடிக்கலில் முதல் டியூபை வாங்கி வந்து கொடுத்ததே அம்மாதான்.

நிச்சயதார்த்தத்துக்காக பார்லரில் சுருட்டை முடியை வேறு நேராக்கிவிட்டேன். இப்போது சீப்பை வைத்தால் கொத்தாக உடைந்து வருகிறது. யார்டில் பக்கத்து சீட் நவ்ரீன் பார்த்துவிட்டு, பார்லர் பக்கமே போகாதே, ஞாயித்துக்கிழமை வெந்தயம் ஊறவைத்து அரைத்துத் தேய், செம்பருத்தி இலையும் சீயக்காயும் போட்டு அலசு என்றாள். நேராக்கின முடி போனால் போகட்டும், பழைய சுருட்டை வரட்டும்.

ஆக, முகத்துக்குத் தண்ணி, எண்ணெய், குடை. தலைக்கு வெந்தயம், செம்பருத்தி, சீயக்காய். சுவரில் ஒட்டி வைத்திருக்கிறேன்.

ஜூலை 13, ஞாயிறு

நான் ஒரு லூசு. போனில் எவளோ சொன்னாள் என்று எலுமிச்சம்பழச் சாறும் கஸ்தூரி மஞ்சளும் தயிரில் குழைத்துப் போட்டேன். இயற்கைதானே, ஒன்றும் செய்யாது என்று நினைத்தேன். ரெண்டு நிமிஷத்தில் அலறிக்கொண்டு குழாயடிக்கு ஓடினேன்.

டாக்டரம்மா தெளிவாகச் சொல்லியிருந்தும் கேட்காத எனக்கு இது வேண்டும்.

ஜூலை 19

மூஞ்சி எரியுது. எழுதப் புடிக்கல.

ஜூலை 22, செவ்வாய்

கண்ணாடியைத் துண்டு போட்டு மூடிவிட்டேன். ரெண்டு கன்னத்திலும் பொடிப்பொடியாய்க் கொப்புளம். மூக்கைச் சுற்றிச் செக்கச்செவேல். துப்பட்டாவைச் சுற்றிக்கொண்டுதான் வேலைக்குப் போகிறேன். எண்ணூர் ஹைரோட்டில் எல்லோரும் தூசிக்கு முகத்தை மூடுகிறவர்கள்தான், அதனால் யாரும் கேட்கவில்லை. இன்றைக்குக் கேட் பாஸ் வாங்க வந்த லாரி டிரைவர் கமாலுதீன் பாய்தான் துப்பட்டா நழுவியபோது பார்த்துவிட்டார். இன்னாம்மா, அம்மை வாத்துகிச்சா, எளநி குடி என்று சொல்லிவிட்டு, பாஸைத் தூர நின்று வாங்கிக்கொண்டார். பாவம், நல்ல மனுஷன்.

ஃப்ரெடி கப்பலிலிருந்து வீடியோவில் வந்தார். கேமரா போடு என்றார். நெட் இல்லை என்றேன். பத்து நாளாக இதே பொய்தான்.

அவர் கப்பலில் எலக்ட்ரீஷியன். செப்டம்பர் 6 தான் இறங்குவார். அதற்குள் தெளிந்துவிடாதா?

ஜூலை 30, புதன்

நேற்று அழுதுவிட்டேன். அம்மா பார்த்துக்கொண்டே இருந்தாள்.

இன்று வேலையிலிருந்து வந்து முகம் கழுவினதும், நீ தேய்க்கிறது சரியில்ல, இப்டி குந்து என்று என்னை வாசற்படியில் உட்காரவைத்தாள். எண்ணெயை உள்ளங்கையில் ஊற்றித் தேய்த்துச் சூடாக்கி, கண்ணை மூடச் சொல்லி, நெற்றியிலிருந்து கழுத்துவரை மெதுவாகத் தடவி விட்டாள். இனிமேல் தினம் நானே போடுறேன் என்றாள். க்ரீம் பேச்சையே எடுக்கவில்லை.

கடைசியாக அம்மா என் பக்கம் வந்துவிட்டாள். அதுவே எனக்குப் பாதி பலம்.

ஆகஸ்ட் 4, திங்கள்

எரிச்சல் குறைந்திருக்கிறது. நிஜமாகவா, ஆசையா?

ஆகஸ்ட் 10, ஞாயிறு

நிஜம்தான்! கொப்புளம் அமுங்கிவிட்டது. கண்ணாடி மேலிருந்த துண்டை எடுத்துவிட்டேன். தலையிலும் வேர்ப்பக்கம் சுருட்டை எட்டிப் பார்க்கிறது.

ஃப்ரெடிக்கு போட்டோ அனுப்பினேன். கப்பல் நடுக்கடலில் இருக்கிறது, மாதக் கடைசியில்தான் அவருக்கு நெட் வரும். ஒரே டிக்கோடு நிற்கிறது. நிற்கட்டும்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

கோயிலில் முதல் கல்யாண ஓலை படித்தார்கள். ரெண்டாவது பூசையில், எங்கள் ரெண்டு பேர் பெயரையும் அப்பா அம்மா பெயரையும் வாசித்து, இவர்கள் திருமணத்துக்குத் தடை ஏதும் தெரிந்தவர்கள் பங்குச் சாமியாரிடம் தெரிவிக்கவும் என்று சொன்னார்கள். இப்படி மூன்று ஞாயிறு படித்தால்தான் கல்யாணம்.

வெளியே வந்ததும் ரோசி ஆன்ட்டி கன்னத்தைத் தொட்டுப் பார்த்து, இன்னும் பளிச்சுனு ஆயிட்டியே, இன்னா போடுற என்றார்கள். வெறும் தேங்காயெண்ணெய் ஆன்ட்டி என்றேன். அம்மா அவசரமாக வேறு பேச்சுக்குப் போய்விட்டாள்.

ஆகஸ்ட் 21, வியாழன்

யார்டில் நான்தான் இப்போது டாக்டர். கேன்டீன் அக்காக்கள் எந்தச் செக்கில் எண்ணெய் வாங்குகிறாய் என்று கேட்கிறார்கள். நவ்ரீன் தன் அண்ணி, தங்கச்சி, பக்கத்து வீடு என்று அஞ்சு பேருக்குச் சொல்லியாச்சாம். முப்பது நாள் பொறுத்தால் போதும், டியூபைத் தூக்கி எறியுங்கள் என்று நானும் பெரிய மனுஷி மாதிரி சொல்லிக்கொண்டு திரிகிறேன்.

ஆகஸ்ட் 24, ஞாயிறு

ரெண்டாம் ஓலை. இன்னும் ஒன்றுதான் பாக்கி.

ஆகஸ்ட் 27, புதன்

அம்மா கோயில் பெண்களோடு கிளம்பிவிட்டாள். சாந்தோமில் சித்தி வீட்டில் தங்கி, 29ஆம் தேதி பெசன்ட் நகருக்கு நடந்து போய்க் கொடியேற்றம் பார்த்துவிட்டு வருவாள். எண்ணெய் போடாமல் இருந்துடாதே, ஆனா ரெண்டு நாள் விட்டாலும் தப்பில்ல என்றாள். எந்தப் பக்கம் சொல்கிறாள் என்றே தெரியவில்லை. நானே போட்டுக்கொண்டேன்.

ஆகஸ்ட் 29, வெள்ளி

என்னாச்சு? நேற்று காலையிலிருந்து குறுகுறுப்பு. இன்றைக்குப் பழையபடி எரிகிறது. அதே எண்ணெய், அதே தண்ணீர். புதிதாக ஒன்றும் போடவில்லையே. ஆண்டவரே, ஏன்?

இன்றைக்குப் பார்த்து ஃப்ரெடியின் கப்பல் கரை சேர்ந்துவிட்டது. போட்டோ பார்த்தேன், சோக்கா கீற, இப்போ வீடியோல வா என்றார். நெட் இல்லை என்றேன்.  சரி கரோலின் என்று வைத்துவிட்டார். எப்போதும் கரோ என்பார்.

ஆகஸ்ட் 30, சனி

 நடந்ததை அப்படியே எழுதிடறேன்.

காலையில் ரெண்டு கன்னமும் வீங்கிக் கிடக்குது. நாளைக்கு மூணாவது ஓலை, ரோசி ஆன்ட்டி முன்வரிசையில் நிப்பாங்க. என் ரோஷமெல்லாம் போச்சு. துப்பட்டாவைச் சுத்திகினு நேரா லோகநாதன் அண்ணன் கடைக்குப் போயிட்டேன். ஆமா, நான்தான் போனேன். டியூப் ஒண்ணு குடுங்கண்ணான்னு கேட்டேன்.

அவர் எடுத்துகினே சொல்றார்: "போன மாசம்தான உங்கம்மா ரெண்டு வாங்கிகினு போச்சு. அதுக்குள்ளயா தீந்துபோச்சு?"

 டியூபை வாங்காமலே திரும்பி வந்தேன். வூட்டைக் கலைச்சுப் போட்டேன். மாதா படத்துக்குப் பின்னால, மெழுகுவத்தி டப்பாவுல இருந்தது. ஒண்ணு காலி, இன்னொண்ணு பாதி.

கண்ணை மூடு, கண்ணை மூடுன்னு சொன்னியேம்மா. உள்ளங்கையில வெச்சு எண்ணெயோட தேச்சு ஒரு மாசமா போட்டுகினு இருந்திருக்க. நான் ஊரெல்லாம் எண்ணெய் எண்ணெய்னு பீத்திகினு திரிஞ்சேன்!

மத்தியானம் அம்மா வந்துச்சு. கால் ரெண்டும் கொப்புளம். டப்பாவைத் தூக்கி முன்னால வெச்சேன். நைனா சாப்பிட்டுகினு இருந்தவரு அப்படியே எழுந்து வெளிய போயிட்டார். அம்மா மறைக்கல. நீ அழுவுறதப் பாக்க முடியல, மொளகு அளவுதான் போட்டேன்னுச்சு. நான் கத்தினேன். என்னென்னவோ கத்தினேன். கடைசியா அம்மா தரையில குந்திகினு சொல்லுச்சு:

"என்னை ஆறு பேர் வந்து பாத்துட்டுப் போனாங்க, கரோ. ஆறு பேரும் கருப்புன்னுதான் சொன்னாங்க. அந்தப் பேச்சு உன் காதுல வுழக் கூடாதுன்னு நெனச்சேன்."

 அம்மாவைச் சொல்ல எனக்கு என்ன யோக்கியதை? காலையில நானும் அதே கடை வாசல்ல நின்னவதானே.

சாயங்காலம், 6 மணி

துப்பட்டாவை எடுத்துவிட்டு, வாசலில் வெளிச்சத்தில் உட்கார்ந்து ஃப்ரெடிக்கு நானே வீடியோ போட்டேன். எல்லாவற்றையும் சொன்னேன். டியூப், ரெண்டரை வருஷம், நிச்சயதார்த்தக் கலர், அம்மா, எல்லாம்.

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அப்புறம் சொன்னார்: "கேமரா போட மாட்டேன்னதும் உனக்கு வேற யாரையோ புடிச்சிருக்குன்னு நெனச்சேன். நாளைக்கு ஓலை படிக்க வேணாம்னு சாமியாராண்ட சொல்லச் சொல்லி, காலையிலதான் அம்மாகிட்ட சொன்னேன்."

இப்போ என்ன சொல்றீங்க என்று கேட்டேன். அவர் வாய் அசைந்தது, படம் நின்றுவிட்டது. நெட் போய்விட்டது. ஒன்றரை மாசம் நான் சொன்ன பொய் இன்றைக்கு நிஜமாகிவிட்டது. அப்புறம் எத்தனை முறை அடித்தும் போகவில்லை.

ஆகஸ்ட் 31, ஞாயிறு

துப்பட்டா இல்லாமல்தான் கோயிலுக்குப் போனேன். அம்மா ஒரு ஓரம், நான் ஒரு ஓரம், நடுவில் நைனா. ரோசி ஆன்ட்டி திரும்பி என்னைப் பார்த்தார்கள். நல்லா பார்த்தார்கள். சிரிக்கவில்லை.

பூசை முடிந்ததும் சாமியார் அறிவிப்புத் தாளை எடுத்தார். முதல் ஓலை ஒரு ஜோடி, ரெண்டாம் ஓலை ஒரு ஜோடி. தாளைத் திருப்பினார், கண்ணாடியைச் சரி பண்ணினார்.  மூன்றாம் ஓலை என்று எங்கள் பெயரைப் படித்தார். நைனா என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

வெளியே ரோசி ஆன்ட்டி நேராக வந்தார்கள். ராவே ஃப்ரெடி மெசேஜ் பண்ணிட்டான், படிக்கட்டும்னு சொல்லிட்டான் என்றார்கள். மொதல்லயே சொல்லித் தொலைக்கிறதுக்கு இன்னா உனக்கு என்று திட்டினார்கள். கல்யாணத்தன்னிக்கு முக்காட்டைக் கொஞ்சம் கீழ இழுத்து வுட்டுக்கலாம் என்றும் சொன்னார்கள். அவங்களுக்கு வருத்தம்தான், மறைக்கவில்லை.

மத்தியானம் ஃப்ரெடியிடமிருந்து எனக்கும் மெசேஜ் வந்தது. கோவம் மூஞ்சிக்கு இல்ல, மறைச்சதுக்கு. அது இன்னும் கொஞ்ச நாள் இருக்கும். அவ்வளவுதான் எழுதியிருந்தார்.

செப்டம்பர் 2, செவ்வாய்

மறுபடி முதல் நாள். நவ்ரீனிடமும் கேன்டீன் அக்காக்களிடமும் உண்மையைச் சொன்னேன். நவ்ரீன் தலையில் அடித்துக்கொண்டாள். அஞ்சு வீட்டுக்கும் நீயே வந்து சொல்லு என்றாள். போகத்தான் வேண்டும்.

அம்மாவோடு பேசவில்லை. எண்ணெய்ப் பாட்டிலை என் பீரோவில் வைத்துப் பூட்டியிருக்கிறேன்.

செப்டம்பர் 13

கல்யாணம். எரிச்சல், சிவப்பு, சுருட்டை எல்லாவற்றோடும். முக்காட்டை இழுத்துவிடவில்லை.

நவம்பர் 23, ஞாயிறு

ஃப்ரெடி கப்பலேறிவிட்டார். ஒரு வாரத்துக்கு அம்மா வீடு.

ஆல்பம் வந்தது. போட்டோக்காரன் யாரும் கேட்காமலே என் மூஞ்சிக்குச் சுண்ணாம்பு அடித்து வைத்திருக்கிறான். ஃப்ரெடிக்கு அனுப்பினேன். இது யாரு, நம்ம கல்யாணத்துல வந்து குந்திகினு கீறா என்று கேட்டார். மாற்றித் தரச்சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டோம். முகம் முக்கால்வாசி அடங்கிவிட்டது. டியூபுக்கு முன்னால் இருந்த மாநிறம்தான் இப்போது என் நிறம். மூக்கோரத்துச் சிவப்பு மட்டும் போகவில்லை. போகாது போலிருக்கிறது.

சாயங்காலம் தலைக்குக் குளித்துவிட்டு வாசற்படியில் முடியை உலர்த்திக்கொண்டிருந்தேன். அம்மா வந்து பக்கத்தில் நின்றாள். ரொம்ப நேரம் நின்றாள். நானாக எழுந்து போய் எண்ணெய்ப் பாட்டிலை எடுத்து வந்து கொடுத்தேன்.

வாங்கிக் கீழே வைத்துவிட்டு, ரெண்டு உள்ளங்கையையும் விரித்து என் முன்னால் காட்டினாள். முன்னும் பின்னும் திருப்பிக் காட்டினாள். அப்புறம்தான் எண்ணெயை ஊற்றினாள்.

நான் கண்ணை மூடிக்கொண்டேன்.