கேட்காமல் நீட்டிய வருடங்கள்

பெங்களூரு

அன்புள்ள சௌந்தரவல்லிக்கு,

இங்கு நலம். உன் முழங்கால் வலி குறைந்ததா? நம் பிள்ளை ரகுராமும் சுகமே. வங்கிக்குப் போய்வந்தேன், நீ பயப்பட ஒன்றுமில்லை.

வைட்ஃபீல்ட் வீட்டுக்கு அவன் வாங்கியது இருபது வருடக் கடன். நான்கு வருடம் தவறாமல் கட்டியும் இன்னும் இருபத்திரண்டு வருடம் பாக்கியாம்! என் கணக்குத்தான் தப்போ என்று திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். தப்பில்லை. வட்டி ஏறியபோது மாதத் தவணையைத் தொடாமல் வருடங்களை நீட்டிவிட்டார்கள். முடிவில் வாங்கிய கடனைவிட வட்டியே அதிகம்.

"ஈஎம்ஐ ஏறவே இல்லையே அங்கிள், நல்லதுதானே?" என்றாள் அங்கிருந்த பெண்.

"வருஷம் ஏறியிருக்கேம்மா! யாரைக் கேட்டு ஏத்துனீங்க?"

என் குரல் அவ்வளவு உயரும் என்று எனக்கே தெரியாது.

அடுக்ககத்தில் கணக்கெழுதி நான் வாங்கும் சம்பளத்தையும் கடனில் கட்டினால் சில வருடங்கள் குறையும். அதற்கு நான் தையில் ஊர் திரும்பாமல் இன்னும் இரண்டு வருடம் இங்கிருக்க வேண்டும். ரகுவுக்கு இரவு வேலை, தனியாகத்தான் சாப்பிடுகிறேன்; பருப்புப்பொடி கொஞ்சம் அனுப்பு.

அந்த வங்கியைப்போல் உன்னைக் கேட்காமல் நான் நீட்டமாட்டேன். வேண்டாம் என்று ஒரு வரி எழுது, தையிலேயே வந்துவிடுகிறேன்.

தபால் எடுக்க வந்துவிட்டார்கள்.

உன்
வரதராஜன்