மேற்குச் சுவரின் கீழ் மூன்று கட்டைகள்

அம்மா,

உன் சேலை ஊக்கு மேற்குச் சுவரின் அடிக்கட்டைக்குள் முழுதாகப் போய்விட்டது. நான் அழுத்தக்கூட இல்லை. பெயிண்ட் கொப்புளம்போல உப்பியிருந்த இடத்தில் முனையை வைத்தேன். டீயில் நனைத்த ரஸ்க்கில் இறங்குவதுபோல இறங்கியது. வெளியே இழுத்தபோது ஈரமான பழுப்புத் தூள் ஒட்டிக்கொண்டு வந்தது. கூடவே, மழைக்காலத்தில் செருப்பு அலமாரியைத் திறந்தால் வருமே, அந்த வாசனை.

மொட்டைமாடியில், உன் மரக்கட்டை அறையில் உட்கார்ந்து கணக்கு நோட்டின் பின்பக்கத்தில் எழுதுகிறேன். அப்பா கீழே தூங்குகிறார். நாளைக் காலை சர்ச்சில் முதல் பூசை முடிந்ததும் கார்பெண்டர் அண்ணா ஆட்களோடு வருகிறார். இந்த அறையைக் கட்டை கட்டையாகக் கழற்றி லாரியில் ஏற்றி, அத்திப்பள்ளிக்கு அப்பால் இருக்கும் நம் மனையில் திரும்ப நிறுத்தப் போகிறார்கள். பெங்களூர் அடுகோடியில் இருக்கும் இந்த வீட்டைப் பெரியப்பாவும் அப்பாவும் சேர்ந்து விற்றுவிட்டார்கள். மாதக் கடைசிக்குள் காலி செய்ய வேண்டும். மனையில் வீடு எழும்பும்வரை நானும் அப்பாவும் இந்த அறையில்தான் இருப்போம். எங்கே போவீர்கள் என்று யார் கேட்டாலும் அப்பாவிடம் ஒரே பதில்தான்: "எங்களுக்கென்ன, அவ ரூம் இருக்கு."

அந்த அறை அடியில் மக்கிக்கொண்டிருக்கிறது. மக்கவைத்தது நான். இது இன்னும் யாருக்கும் தெரியாது.

நீ வேலை செய்த ஆபீஸ் இடம் மாறியபோது, அதன் முற்றத்தில் வாடிக்கையாளர்களுக்குக் காட்ட நிறுத்தியிருந்த இந்த மாதிரி அறையை விறகுக்குப் போடப் பார்த்தார்கள். காப்பித் தோட்டங்களுக்கும் ரிசார்ட்டுகளுக்கும் அத்தனை மரக்கட்டை வீடுகள் வரைந்து கொடுத்த நீ, இதை எனக்குக் கொடுங்கள் என்று கேட்டு வாங்கிவந்தாய். ஒவ்வொரு சில்வர் ஓக் கட்டையிலும் கறுப்பு மார்க்கரில் நம்பர் போட்டிருந்தாய். மே-1, மே-2 என்றால் மேற்கு. தெ என்றால் தெற்கு. அப்பாவும் லேத் பட்டறை நண்பர்களும் கயிறு கட்டி மொட்டைமாடிக்கு இழுத்தார்கள். மாடிக்குக் காடே வந்துவிட்டதே என்று எதிர்வீட்டு அங்கிள் கன்னடத்தில் கேட்டுச் சிரித்தார். புலி மட்டும்தான் இன்னும் வரவில்லை சார் என்று நீயும் கன்னடத்திலேயே சொன்னாய். கையில் வரைபடத்தை வைத்துக்கொண்டு நீ போட்ட அதட்டலில் அப்பா கட்டையைக் கீழே வைத்துவிட்டு, "புலி வந்துடுச்சு சார், இதோ நிக்குது" என்றார்.

உனக்கு மூலைகள்தான் பிடிக்கும். ஒரு சுவரின் கட்டையைக் குடைந்து அதில் அடுத்த சுவரின் கட்டை உட்கார்ந்து, இரண்டின் முனைகளும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் இடம். விரல்களைக் கோத்துக் காட்டுவாய். ஆணியே இல்லை, எடையே பிடித்துக்கொள்கிறது என்பாய். பிறந்தநாள் என்றால் நம் தெருப் பெண்கள் அந்த மூலையில் நின்று போட்டோ எடுக்க வருவார்கள். "போட்டோ எடுங்க, ஆனா மரத்துல செல்லோடேப் ஒட்டுனா கைய ஒடச்சிடுவேன்" என்பாய்.

இந்த அறை வந்த முதல் ஏப்ரல் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. கீழ்வீட்டில் கான்கிரீட் கூரை பகலெல்லாம் குடித்த வெயிலை ராத்திரி நம்மேல் ஊற்றும். மின்விசிறி சூட்டையே சுற்றிச் சுற்றி வீசும். ஒரு மத்தியானம் நீ என்னை இங்கே கூப்பிட்டு வெளிச்சுவரில் கையை வைக்கச் சொன்னாய். சுட்டது. உள்ளே வந்து அதே கட்டையின் மறுபக்கத்தில் கன்னத்தை வைக்கச் சொன்னாய். இப்போதுதான் துடைத்த தரைபோல இருந்தது.

"கட்டை ஒரு சோம்பேறிடி" என்றாய். "வெயில வாங்கி உள்ள கொண்டு வர்றதுக்குள்ள சாயங்காலம் ஆயிடும். அதுக்குள்ள நம்ம பெங்களூர் காத்து குளிர்ந்துடும். ஜன்னலத் தொறந்துட்டா முடிஞ்சது."

டிசம்பரில் அதே சோம்பேறித்தனம் வேறு மாதிரி உதவியது. பகல் வெயிலை மெதுவாக உள்ளே விட்டது. நாம் மூன்று பேரும் ஸ்வெட்டர் இல்லாமல் இங்கே உட்கார்ந்து சாப்பிட்டோம். நீ எப்போதும் மேற்குச் சுவரில்தான் சாய்ந்து உட்காருவாய்.

ஆனால் கட்டையை மட்டும் நீ புகழ்ந்ததில்லை. தகரக் கூரைக்கு அடியில் பலகை, பலகைக்கு மேல் தென்னை நார் என்று அடுக்கினாய். பிறகு ஊதுவத்தி ஏற்றி, இரண்டு கட்டை சேரும் கோட்டின் மேல் மெதுவாகக் கொண்டுபோனாய். புகை நேராகப் போனால் சரி; ஆடினால் அங்கே காற்று நுழைகிறது. ஆடிய இடத்தில் நான் சாக்பீஸால் புள்ளி வைத்தேன், நீ சணலைத் திணித்தாய். அப்பா வாசலில் நின்று, "மாதா படத்துக்குக் காட்ட மாட்டா, செவுத்துக்குக் காட்டுறா" என்றார். "மாதாவுக்கு ஓட்டை இல்லைங்க" என்றாய் நீ.

போனில் வாடிக்கையாளர்களிடம் பேசும்போதும் நீ குறையைத்தான் முதலில் சொல்வாய். ஏசி போல இருக்குமா மேடம் என்று கேட்டால், "இருக்காது சார். இடுக்கு சரியா அடைக்கலன்னா தகர ஷெட்டே பரவால்ல" என்பாய். உன் முதலாளிக்கு அது பிடிக்காது. இன்னொன்றும் சொல்வாய். அதை எத்தனை முறை கேட்டிருக்கிறேன் என்று எனக்கே தெரியாது.

"பெயிண்ட் மட்டும் அடிச்சிடாதீங்க. எண்ணெய்தான் பூசணும். மரம் நனையும், அது தப்பில்ல. நனைஞ்சா காயணும். பெயிண்ட் அடிச்சா உள்ள போன தண்ணி வெளிய வராது."

அதனால், தெரியாமல் செய்தேன் என்று உன்னிடம் சொல்ல முடியாது.

நீ ஆஸ்பத்திரியில் எட்டு நாள் இருந்தாய். பிறகு இல்லை. நான் ஏழாம் வகுப்பில் இருந்தேன். மழைக்கு முன்னால் வருஷா வருஷம் நீ பூசும் ஆளிவிதை எண்ணெயை அந்த வருஷம் யாரும் பூசவில்லை. டின் காலியாக இருந்தது. அப்பாவிடம் கேட்க எனக்கு வாய் வரவில்லை. அப்போது அவர் பட்டறைக்குப் போய் வருவதே பெரிய காரியமாக இருந்தது. கட்டைகள் வெளுத்து, சாம்பல் நிறமாகின.

உன் முதல் வருஷ நினைவுப் பூசைக்கு இரண்டு நாள் முன்பே அத்தை வந்துவிட்டார். மாடிக்கு வந்து பார்த்தார். "என்ன பாப்பா இது, சாம்பல் பூத்தாப்ல கெடக்கு? நாளன்னைக்கு நாலு பேர் வருவாங்க. உங்கம்மா இருந்தா இப்படி விட்டிருப்பாளா?"

விட்டிருக்க மாட்டாய். அது மட்டும்தான் காதில் நின்றது. வாசல் கேட்டுக்கு அடித்த எனாமல் பெயிண்டில் ஒரு டின் மிச்சம் இருந்தது, காப்பிக் கலர். மறுநாள் பள்ளிக்குப் போகாமல் நான்கு சுவரும் வெளிப்பக்கம் அடித்து முடித்தேன். அடிக்கும்போது உன் குரல் கேட்கத்தான் செய்தது. இந்த ஒரு தடவைதானே என்று அடித்தேன்.

பூசைக்கு வந்தவர்கள் எல்லோரும் மாடிக்கு வந்தார்கள். பளபளவென்று நின்றது அறை. அத்தை என் கன்னத்தை வழித்து முத்தம் கொடுத்தார். அப்பா சுவரில் கை வைத்து ரொம்ப நேரம் நின்றார். பிறகு எல்லோரிடமும், "எல்லாம் எம்பொண்ணு வேல. அவ பாத்திருந்தா எவ்ளோ சந்தோஷப்பட்டிருப்பா" என்றார். அன்றைக்கு ராத்திரி அவர் ஒரு வருஷம் கழித்து வயிறாரச் சாப்பிட்டார். அதற்குப் பிறகு எப்படிச் சொல்வேன்?

அதன்பின் இரண்டு மழைக்காலம் போய்விட்டது. கட்டையின் மேல்பக்க வெடிப்புகளில் இறங்கிய தண்ணீர் வெளியே வர வழியில்லாமல் உள்ளேயே நின்றிருக்கிறது. இந்த ஜூலையில் கொப்புளங்களைப் பார்த்தேன். பார்க்காததுபோல இருந்தேன். மனைக்குக் கொண்டுபோவது என்று முடிவானதும், உன் வரைபடத்தை எடுத்துவைத்துக்கொண்டு தினமும் பள்ளி விட்டு வந்து ஒவ்வொரு கட்டையையும் ஊக்கால் குத்திப் பார்த்தேன். குத்தி, குறித்து, பிறகு கீழே போய் அப்பாவுக்கு டீ போட்டு, ஒன்றுமே நடக்காததுபோலப் பேசி. பயந்து பயந்து அலுத்துவிட்டது அம்மா. பயம்கூட ஒரு வேலை மாதிரி ஆகிவிட்டது. பரீட்சைக்குப் படிக்க உட்கார்ந்தால் தூக்கம் வருகிறது, படுத்தால் வரவில்லை.

அப்பா அடிக்கமாட்டார், திட்டவும் மாட்டார். அவர் முகம் என்ன ஆகும் என்பதுதான் பயம். அவரிடம் மிச்சம் இருப்பது இந்த ஒரு அறைதான் என்று அத்தை போனில் யாரிடமோ சொன்னதைக் கேட்டேன்.

இதுவரை எழுதியபோது படியில் செருப்புச் சத்தம் கேட்டது. நோட்டை மூட நேரமில்லை.

"லைட்டு தெரிஞ்சுது" என்றார் அப்பா. "இன்னுமா படிக்கிற?"

"இல்லப்பா."

"பின்ன?"

எத்தனையோ விதமாகச் சொல்ல யோசித்து வைத்திருந்தேன். "கட்டை மக்கிடுச்சுப்பா" என்றேன். "நான் அடிச்ச பெயிண்டாலதான்."

அவருக்கு முதலில் புரியவில்லை. என் கையிலிருந்து ஊக்கை வாங்கி அடிக்கட்டையில் வைத்தார். போனது. அதற்கு மேல் கட்டையில் வைத்தார். போனது. லேத்தில் இரும்பைத் தடவியே ஒரு மயிரிழை வித்தியாசத்தைச் சொல்லிவிடுகிற கை அது. மூன்றாவது கட்டையிலும் போன பிறகு ஊக்கை மடக்கி என்னிடம் கொடுத்தார்.

"எப்பலேர்ந்து தெரியும்?"

"ஜூலைலேர்ந்து."

"ஏன் சொல்லல?"

"பயமா இருந்துச்சு."

"யாரப் பாத்து? என்னையா?"

நான் ஊக்கைத் திறந்து மூடினேன். அப்போதுதான் அம்மா, அவர் முகம் மாறியது. கட்டைக்காக மாறவில்லை.

"எத்தனை கட்டை?" என்றார். வரைபடத்தைக் காட்டினேன். மே-1, மே-2, மே-3. மற்றதெல்லாம் கெட்டியாக இருக்கிறது. ஆனால் ஒரு பக்கம் மூன்று எடுத்தால் நான்கு பக்கமும் எடுத்தால்தான் மூலை சேரும்.

"அப்ப ரூம் குள்ளமாயிடுமே."

"கீழ மூணு வரிசை பிளாக் வெச்சுத் தூக்கிடலாம்ப்பா. அம்மா வரைஞ்ச எல்லா வீட்டுலயும் அடியில கல்லுதான் இருக்கு. மிச்ச கட்டையில பெயிண்டைச் சுரண்டிட்டு எண்ணெய் போடணும்."

அவர் தலையசைத்தார். பிறகு தரையில் உட்கார்ந்து, அந்த மூன்று கட்டைகளின்மேல் முதுகைச் சாய்த்தார். "இந்த மூணுலதான் அவ முதுகு படும்" என்றார். எனக்கு அது தோன்றியிருக்கவே இல்லை. குத்திப் பார்த்த அத்தனை நாளிலும் தோன்றவில்லை.

எழுந்து போகும்போது வாசலில் நின்றார். "பெயிண்டு நல்லாருக்குன்னு அன்னிக்கு நானும்தான் சொன்னேன்" என்றார். பிறகு, "காலைல கார்பெண்டர்கிட்ட நீயே சொல்லிடு. எந்தக் கட்டை எப்படின்னு உனக்குத்தான் தெரியும்."

"நீங்க சொல்லுங்கப்பா."

"எனக்குச் சொல்ல வராது."

போய்விட்டார். கீழே தண்ணீர் குடிக்கும் சத்தம் கேட்டது. படுத்த சத்தம் இன்னும் கேட்கவில்லை.

எனக்கு லேசாகிவிடும் என்று நினைத்திருந்தேன். ஆகவில்லை. அந்த மூன்று கட்டைகளும் லாரியில் ஏறாது, என்னோடுதான் வரும். எத்தனை வருஷத்துக்கு என்று தெரியவில்லை. இப்போதைக்குக் காலை வேலை இருக்கிறது. "அண்ணா, கீழ மூணு வரிசை வேணாம்" என்று சொல்லிவிடுவேன், அது சுலபம். ஏன் பாப்பா என்று அவர் கேட்பார், நான்கு ஆட்களுக்கு முன்னால். அதற்கான பதிலை இப்போது சுவரைப் பார்த்து மெதுவாகச் சொல்லிப் பார்க்கிறேன்.

"பெயிண்ட் அடிச்சது நான்தான் அண்ணா."

இந்தச் சத்தம் நான்கு ஆட்களுக்குக் கேட்காது. இன்னொரு முறை சொல்கிறேன்.