ஒரு நிமிடத்தில் இருளும் திரை

ஆகஸ்ட் 12, 2005. வெள்ளி இரவு.

செம்பாக்கம் டைப்பிங் சென்டரில் எனக்குக் கொடுத்திருக்கும் கம்ப்யூட்டர் மிகவும் பழையது. விண்டோஸ் 98 தவிர வேறெதுவும் அதில் ஓடாது. கையை எடுத்தால் ஒரே நிமிடத்தில் திரை கறுப்பாகிவிடும். எனக்கு முன் அங்கே உட்கார்ந்த வசந்தி அப்படி வைத்துவிட்டுப் போயிருக்கிறாள். ஏன் என்று இன்று தெரிந்தது.

மத்தியானம் ஒரு கையெழுத்து புரியாமல் தாளையே பார்த்துக்கொண்டிருந்தேன். நிமிர்ந்தபோது திரை கறுத்திருந்தது. திரையின் கண்ணாடியில் என் முகம். அதற்குப் பின்னால் முதலாளி சார். செருப்பை வாசலில் விட்டுவிட்டு வருவதால் சத்தமே கேட்காது. எவ்வளவு நேரமாக நின்றாரோ. மவுஸைத் தொட்டால் அவர் உருவம் மறைந்துவிடும். நான் தொடவில்லை.

"ஏம்மா இது அடிக்கடி இருட்டாவுது? எடுத்துடு."

"எடுக்கத் தெரியல சார்."

"பி.சி.ஏ. படிச்சிட்டு இதுகூடத் தெரியாதா?" சிரித்தார். "நாளைக்கு நானே பக்கத்துல உக்காந்து சொல்லித் தரேன்."

முன் அறையில் ஜெராக்ஸ் போடும் ஷகீலா அக்காவிடம் கிளம்பும்போது சொன்னேன். "தெரியலைன்னே சொல்லு. வசந்தியும் அதான் சொல்லிக்கினு இருந்தா."

"அப்புறம் ஏன்க்கா வேலைய விட்டு நின்னுட்டாங்க?"

அக்கா ஷட்டரை இழுத்துப் பூட்டினார். "நாளைக்கு நான் லீவு. நீயும் போட்டுடேன்."

"வேலை எப்படிம்மா?" என்று வீடு திரும்பியதும் அப்பா கேட்டார். நல்லா இருக்குப்பா என்றேன். எங்கள் வீட்டில் ஆபீஸ் வேலைக்குப் போகும் முதல் ஆள் நான்தான்.

எல்லோரும் தூங்கிவிட்டார்கள். எதிரே அணைத்துவைத்த டிவி. அதில் எங்கள் வாசல் கதவு தெரிகிறது. இரண்டாம் முறையாக எழுந்து போய்த் தாழ்ப்பாளைப் பார்த்துவிட்டு வந்தேன்.