மரநாய்க் குலம்

அப்பாவுக்கு,

நீங்கள் என் போனை எடுக்காததால் எழுதுகிறேன். ஒரே லண்டனுக்குள் வால்தம்ஸ்டோவிலிருந்து மனோர் பார்க்குக்குத் தபால் போடும் மகன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

கனடாவின் ஒஜிப்வே பழங்குடிப் பெண்ணான டானாவை நான் கட்டியபோது, "பிறக்கிற பிள்ளையை என்ன ஆக்களெண்டு சொல்லுறது?" என்று சாதியைக் கேட்டீர்கள். அதே கேள்வி அவளுடைய ஆட்களுக்கும் இருந்தது. கரடி, கொக்கு என்று அவர்களின் ஒவ்வொரு குலத்துக்கும் ஒரு விலங்கு உண்டு. குலம் தகப்பன் வழியில்தான் வரும். யாழ்ப்பாணத்தானின் மகளுக்கு எந்த விலங்கு?

நேற்று டானாவின் பெரியம்மா கனடாவிலிருந்து வந்திறங்கி, பிள்ளையை உயரத் தூக்கி, "வாபிஷேஷி" என்றார். மரமேறும் கீரி போன்ற ஒரு விலங்கு.

"மரநாயோ? எங்கட கோழியளைப் பிடிச்ச சாமானோ?" என்று அம்மா விழுந்து விழுந்து சிரித்தார். ஓம், அம்மாதான். கோயிலுக்கென்று உங்களிடம் சொல்லிவிட்டு இங்கேதான் வந்தார்.

ஆனால் கேளுங்கள் அப்பா. அது போர்வீரர்களின் குலமாம். தகப்பன் வெளியாளாக இருந்தால், பிள்ளையைத் தங்கள் பிள்ளையாக எடுத்துக்கொள்வதும் அந்தக் குலம்தானாம். நாங்கள் இந்த நாட்டில் வந்திறங்கியபோது எங்களை அப்படி ஒருவரும் தூக்கவில்லையே! வீடு அதிரக் கை தட்டினேன்.

இனி யாராவது என்ன ஆக்கள் என்று கேட்டால் நெஞ்சை நிமிர்த்திச் சொல்லுங்கள்.

பெரியம்மா உங்களையும் விசாரித்தார். "அவர் எங்களோட சேருறேல்லை" என்றார் அம்மா, சிரிப்பை நிறுத்தி.

"அப்படியென்றால் அவரும் வெளியாள்தானே, அவருக்கும் இந்தக் குலத்தில் இடமிருக்கிறது" என்றார் பெரியம்மா.

இப்படிக்கு,
மரநாய்க் குலத்தாள் ஒருத்தியின் அப்பா