நீ பார்க்காத உப்பு

என் தங்கச்சி நஸீராவுக்கு,

வெள்ளிக்கிழமைகளில் நீ அடங்கியிருக்கும் மையவாடியின் கேற்றடியில் நின்று உனக்கு மட்டும் கேட்கச் சொல்லும் ஸலாத்தை இன்று எல்லோருக்கும் கேட்கச் சொல்கிறேன்.

உனக்கு ஓர் அநியாயம் நடந்திருக்கிறது. நீ மவுத்தான பிறகும் உன்னைச் சமைக்க வைத்திருக்கிறார்கள். நீ எழுதாத குறிப்புகளை உன் பெயரில் போட்டு, உன் குரலைக் கொண்டே சொல்ல வைத்திருக்கிறார்கள். செய்தது நீ கடைசிக் காலத்தில் வேலை பார்த்த கொழும்புக் கம்பனி. சம்மதம் கொடுத்தது உன் மகள் ஸுமையா. நான் சம்மதிக்கவில்லை. உன்னிடம் யாரும் கேட்கவும் இல்லை.

இது குடும்ப விஷயம், பத்திரிகைக்கு எழுத வேண்டாம் என்றாள் என் மனைவி, உன் மதினி. "இந்த வயசுல யாரோட சண்டை புடிக்கப் போறீங்க? ஃபோனோடயா?" என்று கேட்டாள். ஃபோனோடுதான் என்றேன். உன் குரல் வீட்டுக்குள் இருந்தவரை அது குடும்ப விஷயம். இப்போது நம் ஊர் மடவளையில் ஒவ்வொரு குசினி அடுப்படியிலும் அது கேட்கிறது. நான் மட்டும் ஏன் மெதுவாகப் பேச வேண்டும்?

உன்னைத் தெரியாதவர்களும் இதை வாசிப்பார்கள். அவர்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன், பொறுத்துக்கொள்.

நீ வாரப் பத்திரிகையின் பெண்கள் பக்கத்தில் சமையல் குறிப்பு எழுதத் தொடங்கியபோது எனக்குக் கட்டுகஸ்தோட்டையில் பலசரக்குக் கடை. பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்ட நான், சாமான்களைச் சரையாகப் பொட்டலம் சுற்ற வாங்கிய பழைய பத்திரிகைகளை வாசித்துத்தான் எழுதப் பழகினேன். ஒரு நாள் பருப்புச் சரைக்குக் கிழித்த தாளில் உன் பெயர் இருந்தது. அதை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துவிட்டு வேறு தாள் எடுத்தேன். அதற்குப் பிறகு உன் பக்கத்தில் நான் எந்தச் சாமானும் சுற்றவில்லை. உன் அண்ணன் நான் அப்படிச் செய்ததற்கும் நீ சிரித்தாய். "சுத்துங்க நானா. பருப்போட போனாத்தான் நம்மட குறிப்பு சரியான குசினிக்குப் போய்ச் சேரும்" என்றாய்.

பிறகு பத்திரிகைகள் மெலிந்தன. எல்லாம் ஃபோனுக்கு வந்தது. நீயும் வந்தாய், ஆனால் முகத்தைக் காட்ட மாட்டேன் என்றுவிட்டாய். இரண்டு கை, ஒரு சட்டி, உன் குரல், அவ்வளவுதான். ஆட்கள் அந்தக் குரலுக்காகவே வந்தார்கள். அதைப் பார்த்துக் கம்பனிக்காரர்களும் வந்தார்கள். கொழும்பில் ஒரு சின்ன அறையில் உன்னை உட்கார வைத்து, பத்திரிகையில் வந்த குறிப்புகளையெல்லாம் வாசிக்கச் சொல்லிப் பதிந்தார்கள். தொண்டை கட்டிப்போய் வருவாய். "கொத்தமல்லி அவிச்சுத் தாங்க மதினி" என்பாய். அந்த அறையில் உன்னிடமிருந்து எதை எடுக்கிறார்கள் என்று உனக்குத் தெரிந்திருந்ததா? தெரிந்துதான் வாசித்தாயா? இதை நான் யாரிடம் கேட்பது?

நீ வேலை செய்த விதத்தையும் சொல்ல வேண்டும். அதைச் சொல்லாமல் அநியாயம் விளங்காது.

நீ எழுதி முடித்த குறிப்பு நேரே அச்சுக்குப் போகாது. தெல்தோட்டையில் தோட்டத்து வீட்டிலிருக்கும் புஷ்பத்துக்குப் போகும். ஆரம்பத்தில் உன் குறிப்பு ஒன்று பிழையாகிவிட்டது என்று பத்திரிகைக்கு எழுதிச் சண்டை பிடித்தவள் அவள். நீ கோபிக்காமல் அவளையே பிடித்துக்கொண்டாய். அவள் விறகடுப்பில், நீ எழுதியதை மட்டும் பார்த்து, உன்னை ஒரு கேள்வியும் கேட்காமல் சமைக்க வேண்டும். பிறகு பேசுவாள். "அம்மா, நீங்க சொன்ன நேரம் வச்சேன், அடியில புடிச்சிருச்சுங்க. எங்க வீட்டுக்காரரு சட்டியக் கழுவிக்கிட்டே உங்களத் திட்டுறாரு." நீ சிரித்துக்கொண்டே அந்த வரியை அடித்துவிட்டு வேறு எழுதுவாய். அவள் சரி என்று சொன்னால்தான் குறிப்பு வெளியே போகும்.

நோன்புக் கஞ்சிக்கு அவள் இல்லாமல் முடியவே முடியாது. நோன்போடு சமைக்கிறவர் நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுத் துப்பலாம், அதில் குற்றமில்லை என்று சொல்லும் ஆலிம்கள் உண்டு. நம் உம்மா அதற்கும் இடம் கொடுக்கவில்லை. நீயும் கொடுக்கவில்லை. ஆகவே உப்பு முதல் தடவையிலேயே சரியாக விழ வேண்டும். நோன்புக்கு முந்திய மாதமே நீ இங்கே கேஸ் அடுப்பிலும் புஷ்பம் அங்கே விறகிலும் திரும்பத் திரும்பக் காய்ச்சுவீர்கள். ஒரு சுண்டு அரிசிக்கு இத்தனை தண்ணீர், இத்தனை பால், மட்டமாகத் தட்டிய கரண்டியால் இத்தனை உப்பு என்று முடிவாகும். நோன்பு வந்த பிறகும் சந்தேகமென்றால் அவளுக்குத்தான் ஃபோன். நோன்பில்லாத புஷ்பம் தன் வீட்டுக் கஞ்சியை நாக்கில் வைத்துப் பார்த்து நம் வீட்டுக்கு உப்புச் சொல்வாள்.

"தேவையான அளவு உப்பு" என்று எல்லோரும் எழுதுகிறார்கள். நீ ஒரு நாளும் எழுதவில்லை. "தேவை எவ்வளவு எண்டு தெரியாமத்தானே அவ நம்மட குறிப்பப் பாக்குறா" என்பாய்.

இனி, போன நோன்பில் நடந்ததைக் கேள்.

பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு வீடுகளுக்கு நடுவே போகும் ஒழுங்கையால் வருகிறேன். நம் அயல் பிள்ளை ரினோஸாவின் குசினி ஜன்னலிலிருந்து நீ பேசினாய். "அடுப்பக் கொறச்சிட்டு ரம்பை எலயப் போடுங்க" என்றாய். பழைய பதிவு என்று நினைத்து நடந்தேன். அடுத்த வீட்டிலும் நீ பேசினாய். அதற்கடுத்த வீட்டில் நீ இன்னும் இஞ்சியைக் கூட நசுக்கவில்லை. ஒழுங்கை முழுக்க நீ, ஒவ்வொரு வீட்டிலும் வேறு வேறு வேலையாக. வேலிக்கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். உன்னை அடக்கிய அன்று பிடித்ததும் அதே கம்பிதான்.

வீட்டுக்கு வந்தால் உன் மதினி, உன் குரல் ஃபோனில் சொன்னதைக் கேட்டு, கையில் உப்போடு நிற்கிறாள்.

"என்னங்க, நஸீரா ருசி பாக்கச் செல்றா!"

"அவ அப்பிடிச் செல்ல மாட்டா."

"செல்றாவே. வந்து கேளுங்களே."

கேட்டேன். "தேவையான அளவு உப்புச் சேர்த்து, ஒரு கரண்டி எடுத்து ருசி பாருங்க. நானும் பார்த்தேன். ஆஹா, அருமையா வந்திருக்கு!" உன் குரல்தான். மூச்சு விடும் இடம் கூட உன்னுடையதுதான். நம் வீட்டுப் பேச்சு மட்டும் அதில் அங்கங்கே விட்டுப்போயிருந்தது. ரமழானில், பட்டப்பகலில், நீ கஞ்சியை ருசி பார்த்ததாகச் சொன்னாய்.

அந்தக் குறிப்பு, நீ போன பிறகு, உன் பதிவுகளிலிருந்து எடுத்த குரலை இயந்திரத்தால் பேச வைத்துக் கம்பனி புதிதாகச் செய்தது. ஸ்பெஷல் கஞ்சி என்று பெயர். உன் கஞ்சியை மனப்பாடமாக வைத்திருக்கும் உன் மதினியும், புதிது என்பதால் அதையே ஃபோனில் போட்டுக் காய்ச்சினாள். யாரும் ருசி பார்க்க முடியாத நேரத்தில், ருசி பார்த்து உப்புப் போடச் சொல்லும் குறிப்பு. ஒவ்வொருத்தியும் உன்னை நம்பி ஒரு குத்துமதிப்பில் போட்டாள்.

நோன்பு திறக்கும் மஃரிபுக்கு முன் வீட்டுக்கு வீடு கஞ்சி மாறும் வழக்கம் உனக்குத் தெரியும்தானே. அன்று நம் மேசைக்கு வந்த கோப்பைகளில் ஒன்றில் உப்பே இல்லை. ஒன்று வாயில் வைக்க முடியாத கரிப்பு. நம்முடையதும் கரித்தது. பாங்கு சொல்லி, பேரீச்சம்பழம் கடித்து, பகல் முழுக்கக் காய்ந்த தொண்டைக்குள் அதை ஊற்றினோம். வெற்றுக் கோப்பையைத் திருப்பி வாங்க வந்த ரினோஸா சொன்னாள்: "நஸீரா ராத்தாவ நம்பித்தான் செஞ்ச. இந்த முறை அவக்குக் கை தவறிட்டுப் போல."

"இந்த முறை" என்றாள் அவள், தங்கச்சி. உன் ஜனாஸாவுக்கு வந்து அழுதவள் அவள்.

மறுநாள் புஷ்பம் பேசினாள். "ஐயா, புதுசா ஒண்ணு வந்திருக்குங்களே. அம்மா எனக்கு அனுப்பாம ஒரு நாளும் போட மாட்டாங்களே?" என்றாள். பிறகு, "அம்மா இல்லைன்னு தெரியுங்க. ஆனா குரலக் கேட்டதும் கோவம் வந்திருச்சு" என்றாள்.

நான் கம்பனிக்குப் பேசினேன். ஒரு தம்பி மரியாதையாகத்தான் பேசினார். "சேர், மேடத்த எவ்வளவு பேர் தேடுறாங்க தெரியுமா? நாங்க அவங்கள வாழ வைக்கிறோம்" என்றார்.

"வாழ வைக்கிறது அல்லாஹ் தம்பி. நீங்க என்ன செய்றீங்க எண்டு செல்லுங்க" என்றேன். "அந்தக் கஞ்சிக்கு யார் உப்புப் பாத்த?"

"எங்கட டீம் எல்லாம் செக் பண்ணும் சேர்."

"காய்ச்சிக் குடிச்சா?"

கதையை மாற்றினார். குடும்பத்துக்கு ஒரு அன்பளிப்பு அனுப்புகிறோம், கேட்டுப் பாருங்கள் என்றார். பின்னேரம் ஃபோனுக்கு ஒன்று வந்தது. தட்டினேன்.

"நானா, நான்தான் நஸீரா. நோம்பு நல்லாப் போகுதா? ஒடம்பப் பாத்துக்கொள்ளுங்க."

"ஓ தங்கச்சி" என்றேன்.

என் வாய் என்னைக் கேட்கவில்லை. சொல்லிவிட்டது. சொன்ன பிறகுதான் நான் யாருக்குப் பதில் சொன்னேன் என்று விளங்கியது. உன் மதினி கதவடியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அன்றிலிருந்து யாராவது "நானா" என்று கூப்பிட்டால் முதலில் திரும்பிப் பார்க்கிறேன், வாயுள்ள ஆளா என்று பார்த்துவிட்டுத்தான் பதில் சொல்கிறேன்.

பஸ் ஏறிக் கண்டிக்குப் போனேன், ஸுமையாவிடம். மாடி வீட்டில் சமைத்துக்கொண்டிருந்தாள். நீ ஃபோனுக்குள்ளிருந்து, தட்டுக்குப் பக்கத்தில் சாய்ந்து நின்று கறிவேப்பிலை போடச் சொல்லிக்கொண்டிருந்தாய். என்னைக் கண்டதும் உன் சத்தத்தைக் குறைத்தாள். நிப்பாட்டவில்லை.

"எண்ட உம்மாட சத்தம் மாமா. அத நிப்பாட்டச் செல்றீங்களா?"

"உம்மா வாசிச்சத வச்சிக்கோ மகள். அவ செல்லாதத அவட வாயில போட்டீக்காங்களே, அதத்தான் செல்றேன்."

"சனம் சமைச்சுச் சாப்பிடுற. உம்மாக்கு நன்மை போய்ச் சேரும்தானே?"

"நன்மை போய்ச் சேரும் எண்டா, ருசி பாத்தேன் எண்டு செல்ற பொய் எங்க போய்ச் சேரும்?"

அதற்குப் பதில் உனக்கு அங்கே தெரிந்திருக்குமோ என்னவோ.

அடுப்பை அணைத்துவிட்டுக் கதிரையில் உட்கார்ந்தாள். பிறகு சொன்னாள்: "ஒண்டு செல்லவா மாமா? இதுல உம்மா என்ன ஏசுறதே இல்ல. வெங்காயத்தக் கருக்கினாலும் 'அருமை' எண்டு செல்றா. உம்மா என்ன ஏசாம ஒரு நாளாவது சமைச்சீக்காவா?" அழுதாள். நான் தலையைத் தடவினேன். ஆனால் சொன்ன சொல்லிலிருந்து நான் இறங்கவில்லை. யோசித்துச் சொல்கிறேன் என்றாள். இன்னும் யோசிக்கிறாள். நோன்பு திரும்பி வரப்போகிறது. அதனால்தான் இந்தக் கடிதம்.

இனி நடக்க வேண்டியவற்றைச் சொல்கிறேன். யாரும் தனக்கில்லை என்று நினைக்கக் கூடாது.

கம்பனி, நீ மவுத்தான பிறகு உன் பெயரில் செய்த எல்லாவற்றையும் எடுக்க வேண்டும். நீ உன் வாயால் வாசித்தவை இருக்கட்டும். அந்தக் கஞ்சி உன்னுடையதல்ல என்று, உன் பெயரை எவ்வளவு பெரிதாகப் போட்டார்களோ அவ்வளவு பெரிதாகப் போட வேண்டும். என்னை நானா என்று கூப்பிடும் அந்தச் சத்தத்தை அழிக்க வேண்டும். இனி யாருடைய வீட்டுக்கும் அப்படி அன்பளிப்பு அனுப்பக் கூடாது.

ஸுமையா, கொடுத்த சம்மதத்தைத் தன் வாயாலேயே திரும்ப வாங்க வேண்டும். உம்மாவின் சத்தம் வேண்டுமென்றால் என்னிடம் வரட்டும். வெங்காயம் வெட்டத் தெரியாதவள் என்று நீ அவளை ஏசும் பதிவு ஒன்று என் ஃபோனில் இருக்கிறது. அதைக் கொடுக்கிறேன்.

புஷ்பம், நோன்புக்கு முந்திய மாதம் எப்போதும் போல விறகில் காய்ச்ச வேண்டும். கேஸ் அடுப்புக்கு உன் மதினி நிற்பாள். இந்தப் பத்திரிகை உன் கஞ்சிக் குறிப்பை, நீ சொன்ன உப்போடு, ஓர் எழுத்தும் மாற்றாமல் நோன்புக்கு முன் போட வேண்டும். ரினோஸாவும் அவளைப் போன்ற பிள்ளைகளும் "தேவையான அளவு" என்று உன் குரல் சொல்லக் கேட்டால் அந்த இடத்திலேயே நிப்பாட்ட வேண்டும். அது நீயில்லை.

நான், கம்பனி பதில் தராவிட்டால் கொழும்புக்குப் போய் அவர்களுடைய வாசலில் உட்கார வேண்டும். கதிரை தருவார்கள், தேத்தண்ணி தருவார்கள். எழும்ப மாட்டேன். வரும் நோன்பில் அஸர் தொழுதுவிட்டு ஒழுங்கையால் வரும்போது, நீ சொன்னதைத் தவிர வேறெதையும் உன் குரல் சொல்லாது. இது உனக்கு நான் தரும் வாக்கு.

நீ செய்ய வேண்டியது ஒன்றுமில்லை, தங்கச்சி. பேசாமல் இரு.

நீயே கூப்பிட்டால் மட்டும் இனிப் பதில் சொல்லும்,
உன் நானா,
மடவளை.