தாகமில்லை எண்டு சொன்னவன்

டீட்டிகோன், சுவிஸ்
17.02.2019, ஞாயிறு

அன்பான மகள் கோபிஷாவுக்கு அப்பா எழுதுறது. நானும் கொம்மாவும் சுகம், சுகமெண்டால் என்ர முழங்காலையும் அவவின்ர பிரஷரையும் விட்டிட்டுச் சொல்லுறன், அந்த வெய்யிலுக்கயும் புழுதிக்கயும் நீயும் ஒரு குறையில்லாமல் இருக்கவேணுமெண்டு நாங்கள் கும்பிடாத சாமியில்லை. வாட்ஸ்அப் இருக்க இந்த மனிசன் ஏன் பேப்பரும் பேனையும் தூக்கினது எண்டு நினைப்பாய். உன்னோட படிக்கிற அந்த உயரமான பிள்ளை வாற புதன்கிழமை நைஜருக்குப் பறக்கிறாவாம், ஒரு சின்னப் பெட்டி கொண்டுவரலாம் எண்டு சொன்ன உடன கொம்மா துள்ளிக்கொண்டு மிளகாய்த்தூள், பருத்தித்துறை வடை, பனம் பினாட்டு, தலையிடித் தைலம் எண்டு அடுக்கத் தொடங்கிட்டா. அந்தப் பெட்டியில இந்தக் கடிதமும் வரும். ஃபோனில கதைக்கலாம்தான், ஆனா ஃபோனில நீ இடையில அப்பா எண்டு கூப்பிட்டியெண்டால் நான் வழக்கம்போல முழுங்கிப்போடுவன், அதாலதான் எழுதுறன்.

இஞ்ச பத்து நாளா ஒரே பனிப்புகார், யன்னலால பாத்தால் எதிர் வீடு தெரியேல்லை. நான் சாமான் அடுக்கிற லாகரில புது மெஷின் பூட்டுறாங்கள், அது தானாப் போய்ப் பெட்டி எடுத்துக்கொண்டு வருமாம், முதலாளி செஃப் என்னைத் தனியக் கூப்பிட்டு பாலா பயப்படாதை உனக்கு வேலை இருக்கு எண்டவர், அதுக்குப் பிறகுதான் எனக்குப் பயம் பிடிச்சது. கொம்மாவுக்கு இண்டைக்கும் அல்டர்ஹைமில வேலை, வயசுபோனதுகளைக் குளிக்கவார்த்து, சாப்பாடு தீத்தி, நாலு மணிக்கு மேலதான் வருவா. அதுக்குள்ள இதை முடிக்கவேணும். வெள்ளிக்கிழமை நீ அவவோட கதைக்கேக்க நான் பக்கத்தில பேப்பர் பாக்கிறமாதிரி நடிச்சுக்கொண்டிருந்தனான். தோண்டுற வேலை முடிய, மாசி கழிய, ஒரு காரும் காவலுக்கு ரண்டு ஆக்களும் பிடிச்சுக்கொண்டு பில்மா ஊருக்குப் போறன் அம்மா, செல்வன் மாமான்ர படத்தைக் காட்டி விசாரிச்சுப் பாக்கிறன் எண்டு சொன்னனீ. அதுக்குப் பிறகு கொம்மா நிலத்தில நிக்கேல்லை. சனிக்கிழமை காலமையே போய் தன்ர அண்ணன்ர படத்தைப் பெரிசாக்கி லமினேட் பண்ணிக்கொண்டு வந்திட்டா. பெட்டியில எல்லாத்துக்கும் மேல வைச்சிருக்கிறது அதுதான். பின்னால பிரெஞ்சில ஆரையோ பிடிச்சு எழுதுவிச்சிருக்கிறா, தவச்செல்வன், வயது 23, 1989 வைகாசியில பில்மாவில இறங்கினவர் எண்டு. நான் அதைக் கையில எடுத்துப் பாத்தன். என்ர பொய்யைக் கண்ணாடிமாதிரி மினுங்க ஒட்டி என்ர கையிலயே தந்திருக்கிறா.

கோபி, பில்மாவுக்குப் போகாதை. செல்வன் பில்மாவில இறங்கேல்லை. பில்மாவுக்கு அவன் வந்து சேரவேயில்லை.

நீ அனுப்புற படமெல்லாம் நான் லாகரில இடைவேளைக்குள்ள பாக்கிறனான். ஏழாயிரம் வருசத்துக்கு முன்னம் அந்த இடம் ஏரியாம், மீன்முள்ளும் முதலைப்பல்லும் நீர்யானை எலும்பும் மணலுக்க கிடக்குதாம், கரையில ஆக்கள் இருந்து மீன்பிடிச்சுத் திண்டு செத்தவையை ஒருக்களிச்சுக் கிடத்தித் தாட்டிருக்கினமாம் எண்டு நீ சந்தோசமாச் சொல்லுவாய். மழை ஒதுங்க ஏரி வத்த ஆக்களும் தெற்கால ஒதுங்கினதாம். பிறகு அதால உப்பு ஒட்டகம் போனது, அடிமையளைக் கட்டி இழுத்துக்கொண்டு போனது, கிணத்தடியளில எலும்பு கிடந்ததெண்டு அந்தக் காலத்து வெள்ளைக்காரர் எழுதி வைச்சிருக்கினம் எண்டும் சொன்னனீ. அந்தப் பாலைவனத்துக்குப் பேர் தெனெரே, அப்பிடியெண்டால் அங்கத்தை ஆக்களின்ர பாசையில வெறும் வெளி எண்டுதான் அர்த்தமாம். வெறும் வெளியோ! 2013இல அந்த நாட்டில தொண்ணூறுக்கு மேல சனம், கூடுதலாப் பொம்பிளையளும் பிள்ளையளும், தண்ணியில்லாமல் செத்துக் கிடந்ததெண்டு ரீவியில காட்டேக்க நான் நிப்பாட்டினன், நீ ஏனப்பா எண்டு கேட்டனீ, தலையிடி எண்டன். போன மாதம் நீ அந்த மரக்கதையைச் சிரிச்சுச் சிரிச்சுச் சொன்னாய், நூறு கட்டை தூரத்துக்குள்ள ஒரேயொரு மரம் நிண்டதாம், லொறிக்காரன் ஒருத்தன் தேடிப்போய் அதிலயே இடிச்சு விழுத்தினவனாம், இப்ப அந்த இடத்தில இரும்பால செய்த மரம் நிக்குதாம் எண்டு. நான் சிரிக்கேல்லை. எனக்கு அந்த இரும்பைத் தெரியும் பிள்ளை. அதில முதுகைச் சாய்ச்சு இருந்தனான், அது சுட்டது.

உனக்குத் தெரிஞ்ச கதை, ஏஜென்சிக்காரன் என்னையும் மாமாவையும் ஆபிரிக்காவில லோமேயில விட்டிட்டு ஓடினான், நாங்கள் லொறி பிடிச்சு லிபியா போய் அங்கால மால்டா, இத்தாலி, சுவிஸ் எல்லையில கியாசோ எண்டு வந்தம், வழியில மாமா வருத்தமாகிப் பில்மாவில இறங்கித் திரும்பிப் போறனெண்டவர் எண்டது. கடைசியைத் தவிர மிச்சமெல்லாம் உண்மை. அகடேசில லொறி ஏறேக்க தண்ணிக்கு ஆளுக்கொரு பிளாஸ்டிக் கான் வாங்கி, சாக்குச் சுத்தித் தைச்சு, பேரெழுதி லொறியின்ர வெளிப்பக்கம் கட்டித் தொங்கவிடவேணும். செல்வன் தமிழில எழுதினான். முப்பது முப்பத்திரண்டு பேர், மூட்டைக்கு மேல இருந்து கயிற்றைப் பிடிச்சுக்கொண்டு போனம். பகல் காத்து அடுப்பு வாசல், விடியக்காலமை பல்லுக் கிட்டும். இரும்பு மரத்தால வெளிக்கிட்டு அரைநாள் ஓடியிருப்பம், பின் அச்சு முறிஞ்சு போச்சு. சுத்திவர ஒரு கல்லில்லை, ஒரு பூண்டில்லை, ஒரு ஈ கூட இல்லை. றைவர் எல்லாற்ற கானையும் அவிழ்த்து ஒரு பரலுக்க ஊத்தினான். காலமையும் பின்னேரமும் ஒரு எனாமல் கோப்பை வரிசையில வரும், ஆளாள் வாய் வைச்சு ஒரு மிடறு.

இனி எழுதுறதைத்தான் நான் முப்பது வருசம் எழுதாமல் விட்டது. கொம்மாவின்ர வீடும் எங்கட வீடும் எப்பிடியெண்டு உனக்கு நாங்கள் சொல்லித்தரேல்லை, சுவிசில பிறந்த பிள்ளைக்கு அந்த ஊத்தை எதுக்கெண்டு விட்டம். எங்கட ஆக்கள் அவையின்ர வளவில வேலை செய்தவை. அவையின்ர கிணத்தில நாங்கள் அள்ளேலாது, விடாய்ச்சால் கையை ஏந்தவேணும், எட்ட நிண்டு மேலால ஊத்துவினம். செல்வன் என்னோட ஒரே வகுப்பு. நல்லவன், பயமில்லாமல் எங்கட வீட்டுக்கு வருவான், என்ர அம்மாவோட பகிடி விடுவான், ஆனா ஒரு சொட்டுத் தண்ணி குடிச்சதில்லை. எப்ப கேட்டாலும் தாகமில்லை எண்டுவான். உச்சி வெய்யிலில சைக்கிள் மிதிச்சு வேர்த்து ஒழுக வந்து நிண்டாலும் தாகமில்லை. அம்மா சிரிச்சுக்கொண்டு செம்பை உள்ள கொண்டுபோவா. நான் அம்மான்ர முகத்தைப் பாக்கமாட்டன்.

அங்க கோப்பை முதல் தரம் அவனிட்ட வர, அவன் அண்ணாந்து வாய் படாமல் ஊத்தினான். காத்து. அரைவாசி நாடியால வழிஞ்சு மணலில போச்சு. இருந்த ஆக்களெல்லாம் ஒரு சத்தம் போட்டுதுகள், அடிபட்ட மாட்டின்ர சத்தம். அடுத்த முறை வாய் வைச்சுக் குடியெண்டு சைகையால காட்டிக் குடுத்தவை, திரும்பவும் கை உயர்ந்தது. வேணுமெண்டு இல்லை கோபி, சத்தியமா வேணுமெண்டு இல்லை, பிறந்ததில இருந்து அப்பிடிப் பழகின கை. ஒருத்தன் அவனுக்குக் கன்னத்தில அடிச்சான். வயசான ஒருத்தர் கோப்பையை வாங்கி எனக்கு நீட்டி, இனி இவனுக்குத் தனிப் பங்கில்லை, உன்ர பங்கில நீ விரும்பினால் குடு எண்டு அரைகுறை இங்கிலீசில சொன்னார். நான் வாய் வைச்சுப் பாதி குடிச்சன். மிச்சத்தை அவனுக்கு நீட்டினன். அவன் கோப்பையைப் பாத்தான், என்னைப் பாத்தான், தாகமில்லை எண்டான். எங்கட வாசலில நிண்டு சொல்லுற அதே சொல்லு, அதே குரல். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. அட நாயே இஞ்சயுமோ, என்ர எச்சிலைவிடச் சாவு மேலோ, அப்ப சா எண்டு மனசுக்க சொல்லிக்கொண்டு மிச்சத்தையும் குடிச்சன். அடுத்தநாள் காலமையும் பின்னேரமும் நான் நீட்டேல்லை. கேட்டால் குடுப்பம் எண்டு இருந்தன். அவன் கேக்கேல்லை. அதுக்கு அடுத்த விடிய எழும்பேல்லை. லொறிக்குக் கீழ, எனக்குப் பக்கத்தில கிடந்தவன்.

அவனை அடிச்சவன்தான் முதல் எழும்பிக் கையால மண் கிண்டினான். தண்ணியில்லாதபடியால் மணலைத் தொட்டு அவன்ர முகத்திலயும் கையிலயும் தடவி, தங்கட முறைப்படி தொழுது தாட்டவை. தலைமாட்டில அவன்ர வெறுங் கானைக் குத்தி வைச்சினம். நான் ஒரு பிடி மண் போடேல்லை, லொறிக்குக் கீழயே கிடந்தன். அடுத்தநாள் மத்தியானம் உப்பு ஏத்தின லொறியொண்டு வந்தது, பரல் பரலாத் தண்ணி. நான் குடிச்சுச் சத்தியெடுத்து, திரும்பக் குடிச்சன்.

சாதிக்குச் சொன்னானோ, இல்லாட்டி எனக்கு அந்த மிடறு மிஞ்சட்டும் எண்டு சொன்னானோ, எனக்கு இண்டைவரைக்கும் தெரியாது. முதலாவதெண்டு நினைக்கிற நாளில வேலைக்குப் போவன், ரண்டாவதெண்டு நினைச்சால் குசினியில பைப்பைத் திறக்கப் பயமாயிருக்கும். ஆனா எதுக்காகச் சொல்லியிருந்தாலும், உதடு வெடிச்சு ரத்தம் காய்ஞ்சிருக்கிற ஒருத்தன் தாகமில்லை எண்டால் அது பொய்யெண்டு எனக்குத் தெரியும். தெரிஞ்சுகொண்டுதான் குடிச்சன். இதை நீ என்னைப் பற்றி அறிஞ்சிருக்கவேணும். சின்னனில நீ கொம்மாவைப் போல அண்ணாந்து குடிக்க நான் போத்திலைப் பறிச்சு வாய் வைச்சுக் குடியெண்டு கத்தினதும் நீ அழுததும் ஞாபகம் இருக்கோ. ஏன் கத்தினனான் எண்டு இப்ப விளங்கும்.

92இல கொம்மா சுவிசுக்கு வந்தது என்னைக் கட்ட இல்லை, அண்ணனைத் தேடி. கடைசியா அவனோட இருந்த ஆள் நான்தானே, ஒவ்வொரு கிழமையும் வந்து கேப்பா. முதல் நாள் வாயில வந்தது பில்மா, பிறகு அதையே சொல்லவேண்டியதாப் போச்சு. அவ என்னைக் கட்டினதுக்கு அவையின்ர வீட்டில ஒருத்தரும் கதைக்கேல்லை, அது உனக்குத் தெரியும். ஆனா 2009இல சண்டை முடிய, செட்டிகுளம் முகாமில இருந்து உன்ர அம்மப்பா கடைசியா எடுத்த ஃபோனில கொம்மாவைக் கேக்கேல்லை, என்னைத் தரச்சொன்னவர். தம்பி, அவன் வருவானோ எண்டு கேட்டார். என்னை முதல்முதல் தம்பி எண்டு கூப்பிட்ட மனிசன். வருவான் ஐயா எண்டன். நாலாம் நாள் செத்துப்போனார்.

செஞ்சிலுவைக்குக் கொம்மா எத்தினை கடிதம் போட்டவ, அப்பவெல்லாம் நான் கல்லுமாதிரி இருந்தனான். இப்ப நீ அந்த வெளியில, கொள்ளைக்காரரும் கண்ணிவெடியும் இருக்கிற பாதையில, என்ர பொய்யைத் தேடிப் போகப்போறாய் எண்டதோட ஏலாமல் போச்சு. அந்த மண்ணுக்கு ஒருத்தரைக் குடுத்தது காணும். போகாதை. அவன் கிடக்கிற இடத்தையும் தேடாதை, காத்து எத்தினை தரம் மூடித் திறந்திருக்கும், அவன் பாட்டில கிடக்கட்டும். தோண்டுற வேலை முடிய நேர வீட்ட வா.

கொம்மாவுக்கு எப்பிடிச் சொல்லுறது எண்டு ரண்டு நாளா யோசிச்சன். வாய் வருகுதில்லை. இந்தக் கடிதத்தை உறையை ஒட்டாமல் பெட்டிக்குள்ள அந்தப் படத்துக்கு மேல வைக்கிறன். பெட்டியை மூடி ரேப் ஒட்டுறது அவதான், அவ வாசிக்காமல் ஒரு துண்டும் விடமாட்டா. ஆகவே இது உன்ர கைக்கு வந்தால் கொம்மா எல்லாம் அறிஞ்சிட்டா எண்டு விளங்கிக்கொள். வராட்டில் அதையும் விளங்கிக்கொள். கோழையெண்டு நினைப்பாய், நினை, சரிதான்.

மலேரியாக் குளிசையை மறக்காதை, தொப்பியில்லாமல் வெளியில நிக்காதை, தாகம் எடுக்கமுன்னம் குடி. ஒரு வருத்தமும் அண்டாமல் நீ நூறு வயசு இருக்கவேணும். என்னோட கோவிச்சுக்கொண்டெண்டாலும் இரு.

இப்படிக்கு
உன்ர அப்பா
பாலச்சந்திரன்

கோபி, அம்மா எழுதுறன். நாலரைக்கு வந்து வாசிச்சனான். கீழ நிலவறை கெல்லருக்குள்ள போய் நிண்டவரை மேல கூப்பிட்டு, இரும்பு மரத்தில இருந்து எந்தப் பக்கம், எத்தினை மணித்தியாலம், வெய்யில் எந்தக் கையில அடிச்சது எண்டெல்லாம் கேட்டு இந்தக் கடிதத்தின்ர பின்பக்கத்தில வழியைக் கீறுவிச்சிருக்கிறன். வேறயொண்டும் அவரோட கதைக்கேல்லை. பில்மாவுக்குப் போகவேண்டாம், படத்தைப் பெட்டியால வெளியில எடுத்திட்டன். ஏழாயிரம் வருசத்து ஆக்களையே தூரிகையால தட்டித் தட்டி நோகாமல் எடுக்கிறனீ, அதுக்குத்தானே படிச்சனீ. என்ர அண்ணாவை எடுத்துக்கொண்டு வா.