முந்திக்கொள்ளும் ரேடியோ

கொழிஞ்சாம்பாறை, ஞாயிறு.

என் வீட்டுக்காரர் இருந்தபோது கேட்டது போலவே இன்றும் கால்பந்து ஆட்டத்தை ரேடியோவில்தான் கேட்டேன். முதல் கோலுக்குக் கத்திவிட்டேன். பக்கத்து வீட்டுச் சரசு வேலியருகே வந்தாள்.

"ஏனுங்கம்மா, எங்க டிவில பந்து இன்னும் நடுவுலதான் கெடக்குது, நீங்க அதுக்குள்ள கோல் போட்டுட்டீங்க! ஒண்ணு மெதுவாக் கேளுங்க, இல்லீனா எங்கூட்டுக்கு வந்துருங்க."

குறை சொல்ல வந்தவள் போகிறபோக்கில் சொன்னதை அழைப்பென்று எடுத்துக்கொள்ள முடியுமா? "மெதுவாவே கேட்டுக்கறேன்" என்றேன்.

ரேடியோவைக் காதோடு வைத்துக்கொண்டேன். இரண்டாவது கோல் விழுந்ததும் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டேன். சில நொடி கழித்து அந்த வீட்டில் ஆரவாரம் எழுந்தது. அவர்களோடு சேர்ந்து நானும் கத்தினேன். பிறகு வேலிப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன். இந்த முறை சரசு வரவில்லை.